விறகுக் கட்டும் வழக்குரையும்

வைகாசித் திங்கள் பிறந்துவிட்டால் மட்டக்களப்பு வாவியின் இரு கரைகளிலும் கண்ணகையம்மன் கோயில்களின் கதவுகள் திறக்கப்படும். சடங்கு தொடங்கும். இரவு வேளைகளில் 'கண்ணகி வழக்குரை' படிக்கப்பெறும். இறுதியில் குளிர்த்தி பாடி அம்மனின் சினம் ஆற்றப்பெறும். படிப்பவரைச் சூழ்ந்திருந்து கண்கலங்கக் கேட்போரில் எழுத்தறியாத மூதாட்டியும் இருப்பாள். நகரத்துக் கந்தோரில் எழுதுவினைஞராய் இருப்பவரும் இருப்பார். அவர்கள் கேட்பது யாது? ஒரு களவு வழக்கு. களவாடியவன் அரண்மனையில் செல்வாக்குப் பெற்ற பொற்கொல்லன். கொலையுண்டவனோ அயல்நாட்டிலிருந்து சிலம்பு விற்க வந்த ஏதிலி. தீர்ப்பு இருந்தது, விசாரணை இருக்கவில்லை.

அரசின் தீர்ப்பொன்று பிழைத்துப்போன கதையைத் தெய்வக் கதையாகப் போற்றி ஆண்டுதோறும் கேட்கும் மக்கள் உலகில் எத்தனை பேர் உளர் என்பதை நாம் அறியோம். ஆயின், சடங்கு முடிந்த மறுநாள் அயலவன் ஒருவனைக் களவுக்காகப் பொலிசார் கொண்டு சென்றால், 'விசாரித்தார்களா?' என்று கேட்பவர் நம்முள் அரியர். ஆசிரியர்களாகிய நாமும் அதற்கு விலக்கல்லேம்.

சென்ற ஆண்டு எமது பத்தாந்தர வகுப்பு மாணவன் ஒருவன் ஒன்பது நாட்கள் பள்ளிக்கு வரவில்லை. அவன் படுவான்கரைப் பிள்ளை. தகப்பன் துவிச்சக்கர வண்டியில் விறகு கட்டி, வலையிறவுப் பாலத்தைக் கடந்து, நகரத்துப் பேக்கரிகளுக்கு விற்றுச் சீவிப்பவர். ஒதுக்கக் காட்டில் விறகு வெட்டினார் என்று அகப்பட்டார். நீதிமன்றம் தண்டம் விதித்தது. கையில் பணமில்லாமையால் மறியற்சாலைக்குப் போனார். ஆசிரியர் ஓய்வறையில் இச்செய்தி வந்தபோது நண்பர் ஒருவர், "அந்தப் பக்கத்துப் பிள்ளைகள் அப்படித்தான், தகப்பன் காட்டுக் களவு, மகன் நாளைக்கு வீட்டுக் களவு" என்றார். அவர் தீயவரல்லர். ஏழைப் பிள்ளைகளுக்குத் தம் சம்பளத்தில் கொப்பி வாங்கிக் கொடுப்பவர். அவர் வாயிலிருந்து அச்சொல் வந்தமையாலேயே இக்கட்டுரையை எழுதத் துணிந்தோம்.

காட்டிலே தானே பட்டு விழுந்த மரத்தை வெட்டிக் கட்டுவது எப்போது களவாயிற்று? களவு என்றால் உடையவன் ஒருவன் இருத்தல் வேண்டும். அந்தக் காட்டின் உடையவன் யார்? இந்த வினாவுக்கு விடை 1840ஆம் ஆண்டில் இருக்கிறது.

அவ்வாண்டின் 12ஆம் இலக்கக் கட்டளைச் சட்டம், முடிக்குரிய நிலங்களில் அத்துமீறுவதைத் தடுப்பதற்கென இயற்றப்பட்டது. காடு, தரிசு, குடியிருப்பில்லாத நிலம், பயிரிடப்படாத நிலம் ஆகிய அனைத்தும், மாறாக நிரூபிக்கப்படும் வரை, முடிக்குச் சொந்தமானவை எனக் கொள்ளப்படும் என்றது அச்சட்டம். சில ஆண்டு இடைவெளி விட்டு மீண்டும் பயிரிடும் சேனை நிலங்களையும் அது விட்டுவைக்கவில்லை. 'மாறாக நிரூபிக்கப்படும் வரை' என்னும் சிறு தொடரை வாசகர் கூர்ந்து நோக்குதல் வேண்டும். நிலத்தை எடுத்துக்கொண்டவன் எதையும் நிரூபிக்க வேண்டியதில்லை. பாட்டன் காலந்தொட்டு அங்கே எள்ளும் குரக்கனும் விதைத்தவன்தான் உறுதியும் பத்திரமும் காட்ட வேண்டும். வாய்மொழியாலும் அயலார் அறிவாலும் எல்லை வகுத்து வாழ்ந்தவனிடம் உறுதி ஏது? ஓர் இரவில் அவன் தன் நிலத்திலேயே அத்துமீறியவன் ஆனான்.

அவ்வாறு முடிக்குச் சேர்ந்த நிலம் எங்கே போயிற்று? மலைநாட்டிலே ஏக்கர் ஒன்று ஐந்து சிலின் விலைக்குக் கோப்பித் தோட்டக்காரருக்கு விற்கப்பட்டது. 1844இல் அவ்விலை ஒரு பவுணாக உயர்த்தப்பட்டது. மலிவு விலையில் வாங்கியோர் வரிசையில் தேசாதிபதி ஸ்ருவேட் மக்கென்சியும் இருந்தார். சட்டம் இயற்றும் சபையினரும் உயர் உத்தியோகத்தரும் இருந்தனர். நிலத்தை முடிக்குரியதென்று பிரகடனஞ் செய்த கை, வாங்கிய கை, விலை குறித்த கை எல்லாம் ஒரே வட்டத்துக் கைகள். உத்தியோகத்தர் தோட்டத் தொழிலில் ஈடுபடுவது 1840களின் நடுப்பகுதியில் தடுக்கப்பட்டது. வாங்கியது வாங்கியதாகவே நின்றது. இதனை எந்த நீதிமன்றமும் களவென்று விசாரித்ததில்லை.

மட்டக்களப்பில் கோப்பி விளையவில்லை. ஆகவே சட்டத்தின் பாரம் இங்கே வேறு விதமாக இறங்கியது. வாவிக்குக் கிழக்கே கடலோரமாகக் கிடக்கும் மணற்பாங்கான நிலம் எழுவான்கரை. மேற்கே வயலும் காடுமாய் விரிந்து கிடப்பது படுவான்கரை. சூரியன் எழும் கரை, படும் கரை என்னும் பெயர்களிலே அழகு உண்டு. ஆயின் பள்ளிக்கூடமும் கச்சேரியும் நீதிமன்றமும் எழும் கரையின் பக்கமே நின்றன. படும் கரைக்காரன் அவற்றுக்கு வரத் தோணி ஏறவேண்டும். வயல் இல்லாத படுவான்கரைக் குடும்பத்துக்குச் சேனைதான் சோறு. கோடையில் காட்டை வெட்டி, காயவிட்டு, எரித்து, முதல் மழைக்குச் சோளமும் இறுங்கும் குரக்கனும் விதைத்துப் பரண் கட்டி யானைக்கும் பன்றிக்கும் காவல் இருப்பார்கள். இரண்டொரு போகத்தின் பின் அவ்விடத்தைக் காட்டுக்கே விட்டுவிட்டு வேறிடம் பெயர்வார்கள். சோம்பேறிகளின் பயிர்த்தொழில் என்று வெள்ளைக்கார அதிகாரிகள் இதனை எழுதிவைத்தனர். பரணில் ஓர் இரவு கண்விழித்துப் பார்த்திருந்தால் அச்சொல்லை எழுத அவர்களுக்கு மை ஊறியிராது.

சேனை வெட்ட உத்தரவுச் சீட்டு வேண்டும் என்றானது. சீட்டுக்குச் சிபாரிசு செய்பவர் விதானை. சீட்டில்லாமல் வெட்டினால் குற்றம். குற்றத்தை அறிவிப்பவரும் விதானை. ஒரே மனிதனின் கையில் சோறும் மறியலும் வந்து சேர்ந்தால் என்ன நிகழும் என்பதை விரிக்க வேண்டியதில்லை. லெனாட் வுல்ப் 1908 முதல் 1911 வரை அம்பாந்தோட்டையில் உதவி அரசாங்க அதிபராய் இருந்தவர். அந்த ஆட்சி இயந்திரத்தின் உள்ளேயே நின்று பார்த்தவர். அவர் 1913இல் வெளியிட்ட 'தி வில்லேஜ் இன் த ஜங்கிள்' என்னும் நாவலில் சேனைச் சீட்டு மறுக்கப்படுகிறது, கடன் நெருக்குகிறது, பொய்யான களவு வழக்குப் புனையப்படுகிறது, முடிவில் கொலை நிகழ்கிறது. கொலையாளியைக் கண்டுபிடிக்க நீதிமன்றத்துக்குச் சிரமமே இல்லை. கொலையின் காரணத்தைக் கண்டுபிடிக்க அந்நீதிமன்றத்திடம் கருவி இல்லை. அது சிங்களக் கிராமத்தின் கதை. எனினும் பெயர்களை மாற்றிவிட்டால் படுவான்கரையின் கதையாகவும் நிற்கும்.

தொடர்ந்து வந்த சட்டங்களை விரைந்து கடந்து செல்லலாம். 1885இல் வனக் கட்டளைச் சட்டம், 1907இல் அதனினும் இறுக்கமான இன்னொன்று. 1890இல் உப்புச் சட்டம். 1897இல் தரிசு நிலச் சட்டம்: அரசாங்க அதிபர் ஓர் அறிவித்தல் ஒட்டுவார், மூன்று மாதத்துக்குள் உரிமை கோராதவன் உரிமை இழப்பான். வாசிக்கத் தெரியாதவனுக்கு ஒட்டப்பட்ட அறிவித்தல்! 1912இல் மதுவரிச் சட்டம். 1937இல் வனசீவராசிகளைக் காக்கும் சட்டம். வேடரின் வேட்டை அதன்பின் திருட்டு வேட்டையாயிற்று. நூறு ஆண்டுக்குள் விறகு, தேன், இறைச்சி, உப்பு, கள், பயிர் என மனிதன் உயிர்வாழக் கைநீட்டும் திசையெல்லாம் ஒரு சீட்டும் ஒரு தண்டமும் வந்து நின்றன. மக்கள் திடீரெனக் கெட்டுப்போகவில்லை. குற்றங்களின் அட்டவணைதான் நீண்டது.

இது நமது தீவுக்கு மட்டும் உரிய கதையன்று. செர்மனியின் றைன் மாகாணத்தில் விவசாயிகள் காட்டில் விழுந்து கிடக்கும் சுள்ளிகளைப் பொறுக்குவது தொன்றுதொட்ட வழக்கம். காட்டுக்குச் சந்தையில் விலை ஏறியதும் அச்சுள்ளிகளும் காட்டுச் சொந்தக்காரனின் உடைமையாயின. 1836இல் பிரசியாவில் தொடரப்பட்ட ஏறத்தாழ 207,000 வழக்குகளில் ஏறத்தாழ 150,000 வழக்குகள் விறகுத் திருட்டும் அதையொத்த காட்டுக் குற்றங்களுமாம். மாகாண சபை இதற்குப் புதிய சட்டம் இயற்ற முனைந்தபோது, 1842இல் கோலோன் நகரப் பத்திரிகையொன்றில் இருபத்துநான்கு வயது இளைஞர் ஒருவர் தொடர்கட்டுரை எழுதினார். கார்ல் மாக்ஸ் என்பது அவர் பெயர். பொருளாதாரக் கேள்விகளின் பக்கம் தம்மை முதன்முதல் திருப்பியவற்றுள் அந்த விறகுத் திருட்டு விவாதமும் ஒன்று என்று பதினேழு ஆண்டுகளின் பின் அவரே குறித்தார். படுவான்கரை மாணவனின் தகப்பன் கட்டிய விறகுக் கட்டு எத்துணைப் பெரிய சிந்தனையின் தொடக்கத்தோடு உறவு கொண்டது என்பதை அவனுக்குச் சொல்ல எமக்கு ஆசை. பாடத்திட்டத்தில் அதற்கு இடமில்லை.

இம்மட்டோடு நிறுத்தினால் அந்நியன்மேல் பழி போட்டுக் கைகழுவியவர் ஆவோம். நம்மவரின் களவெட்டிக்குள்ளும் செல்லத்தான் வேண்டும்.

மட்டக்களப்பு வயல் நிலத்தின் தலைவர் போடியார். தமிழ்ப் போடியாரும் உண்டு, முஸ்லிம் போடியாரும் உண்டு. நிலத்தை ஆளும் முறையில் இருவருக்கும் வேற்றுமை பெரிதில்லை. நிலம், விதை, எருமை, விளையும் வரைக்குமான சாப்பாட்டு நெல் யாவும் போடியாருடையவை. முதுகு முல்லைக்காரனுடையது. மாரி தொடங்கியதும் முல்லைக்காரன் வயல் வாடிக்குப் போய்விடுவான். வேளாண்மை வெட்டிச் சூடு மிதிக்கும் வரை அங்கேதான். களவெட்டியிலே நெல் குவியும்போது கணக்குப் பார்ப்பார்கள். வாங்கிய முற்பணமும் தின்ற நெல்லும் அவற்றின் மேலேறிய வட்டியும் கழியும். எஞ்சியதுதான் முல்லைக்காரனின் பங்கு. எஞ்சாத ஆண்டில் கடன் அடுத்த போகத்துக்கு நகரும்; கடனோடு அவனும் நகர்வான்.

களவெட்டிக்குள் வழக்கமான சொற்களைப் பேசலாகாது, அதற்கெனத் தனிச் சொற்கள் உண்டு என்பது ஈழத்து நாட்டார் வழக்கை ஆய்வோர் நன்கறிந்த செய்தி. அவற்றுள் தலையாயது 'பொலி' என்பது. பொலிக, பெருகுக என்னும் மங்கலப் பொருளில் குவிந்த நெல்லைக் குறிப்பது அது. தமிழ் படித்தவர் என்ற முறையில் இன்னொன்றையும் நினைவூட்டுகிறோம். சோழர் கல்வெட்டுகளில் 'பொலிசை' என்றால் வட்டி. நெல்லின் பெருக்கத்துக்கும் கடனின் பெருக்கத்துக்கும் வேர்ச்சொல் ஒன்றே. முல்லைக்காரன் 'பொலி, பொலி' என்று வாழ்த்திப் பாடி எருமையை ஓட்டியபோது இரண்டும் சேர்ந்தே பொலிந்தன.

போடியார் கொடியவர் என்பது எமது வாதமன்று. பஞ்ச காலத்தில் பட்டினி போடாமல் காத்த போடியாரை இன்றும் நன்றியோடு நினைக்கும் முதியோரை நாம் அறிவோம். அந்த நன்றியே அம்முறைமையின் பலம். எமது வினா வேறு. இரவில் களவெட்டியிலிருந்து ஒரு மரைக்கால் நெல்லை மடியில் கட்டிய முல்லைக்காரனுக்கு 1883ஆம் ஆண்டின் தண்டனைச் சட்டக்கோவையில் ஒரு பிரிவு உண்டு. பகலில், எல்லோர் கண்முன்னும், அவன் உழைப்பின் பெரும்பங்கைக் கணக்கால் எடுத்துக்கொண்டதற்கு அக்கோவையில் எந்தப் பிரிவும் இல்லை. மடியில் கட்டியது குற்றம். கணக்கில் கட்டியது வழக்கம்.

சட்டம் எப்போதும் ஒரே பக்கந்தான் பார்க்கும் என்று சோர்ந்துவிடவும் கூடாது. 1958இல் பிலிப் குணவர்த்தனா கொண்டுவந்த நெற்காணிச் சட்டம் ஒரு கணம் அதன் கண்ணை மறுபக்கம் திருப்பியது. குத்தகை விவசாயியை நிலத்தை விட்டு எழுப்புவது சட்டவிரோதமாயிற்று. நிலச் சொந்தக்காரர் பெறக்கூடிய பங்குக்கு வரம்பு வந்தது. ஆண்டாண்டாய் நடந்தேறிய ஒரு செயல் திடீரெனத் தவறாயிற்று. தவறு செய்தவர் திடீரென மதிப்புக்குரிய கனவான்கள் ஆயினர்! அவர்கள் மறியற்சாலைக்குப் போனார்களா? போகவில்லை. 'இவன் குத்தகைக்காரன் அல்லன், என் கூலியாள்' என்று தீவெங்கும் நிலச் சொந்தக்காரர் சாதித்தனர். ஆயிரக்கணக்கானோர் நிலத்தை விட்டு எழுப்பப்பட்டனர். கூலியா குத்தகையா என்று எளிதிற் பிரிக்கவொண்ணாத முல்லைக்காரனின் நிலைமை அந்த வாதத்துக்கு எத்துணை வாய்ப்பானது என்பதை வாசகரே உணர்வர். அச்சட்டத்தைக் கொண்டுவந்த அமைச்சரே 1959இல் பதவி விலகவேண்டி வந்தது.

ஒல்லாந்த அறிஞர் வில்லெம் பொங்கர் 1905இல் எழுதிய ஆய்வில், போட்டியும் பேராசையும் வறுமையும் மனிதரிடையே உள்ள பிணைப்பை அறுக்கின்றன, அறுந்த இடத்தில் குற்றம் முளைக்கிறது என்று வாதித்தார். நாற்சிகள் தம் நாட்டுக்குள் நுழைந்த 1940இல் தம் உயிரைத் தாமே மாய்த்துக்கொண்டவர் அவர். 1973இல் டெய்லர், வால்ற்றன், யங் என்னும் மூவர் பிரித்தானியாவில் 'புதிய குற்றவியல்' என்று பெயரிட்ட நூலிலே, எதைக் குற்றமென்று பெயரிடும் அதிகாரம் எவர் கையில் உள்ளது என்பதையும் ஆராயவேண்டும் என்றனர். இவ்வழியில் சென்றோர் சிலர் ஒரு தவறும் இழைத்தனர். திருடுபவனெல்லாம் புரட்சிக்காரன் என்று மயங்கினர். நமக்கு அம்மயக்கம் வேண்டாம். படுவான்கரையில் மாடு களவு போனால் பெரும்பாலும் அது ஏழை விதவையின் மாடு. குறிசுட்ட தோலைப் புதைத்துவிட்டு இறைச்சியை விற்பவன் அவள் வயிற்றில்தான் அடிக்கிறான். கசிப்புக் காய்ச்சுபவனின் இலாபம் கூலிக்காரன் மனைவியின் முதுகில் தழும்பாகிறது. மேற்சொன்ன மூவருள் ஒருவராகிய யொக் யங், யோன் லீ என்பாருடன் சேர்ந்து, குற்றத்தால் மிகுதியும் துன்புறுவோர் ஏழைகளே என்று 1984இல் திருத்தி எழுதினார். அத்திருத்தம் நியாயமானது. எனினும் விதவையின் மாட்டைத் திருடியவனையும் விறகுக் கட்டுக்காரனையும் ஒரே சொல்லால் அழைக்கும் சட்டத்தை அத்திருத்தம் நியாயப்படுத்திவிடாது.

'அந்தப் பக்கத்துப் பிள்ளைகள் அப்படித்தான்' என்ற நண்பரின் சொல்லுக்கும் ஒரு வரலாறு உண்டு. பாக்கு நீரிணைக்கு அப்பால் ஆங்கிலேயர் அதனைச் சட்டமாகவே எழுதினர். 1871இன் குற்றப் பரம்பரைச் சட்டம் சில குலங்களைப் பிறப்பாலேயே குற்றவாளிகள் என்றது. மதுரைப் பக்கத்துப் பிரமலைக் கள்ளர் கைரேகை பதிந்து, இரவில் ஊர் நீங்காது அடைந்து கிடக்க நேர்ந்தது. அதனை எதிர்த்த பெருங்காமநல்லூர் மக்கள்மீது 1920 ஏப்ரல் 3இல் துப்பாக்கிச் சூடு நடந்தது; மாண்டவருள் பெண் ஒருவரும் உண்டு. அச்சட்டம் 1952இல் இந்தியாவெங்கும் நீங்கிற்று. பிள்ளையின் ஊரைக் கேட்டுக் குணத்தை முடிவு செய்யும் மனம் சட்டப் புத்தகத்தை விட்டுப் பள்ளிக்கூடத்தில் குடியேறிவிட்டது போலும்.

நமது நாட்டிலும் ஒரே செயல், செய்பவரைப் பொறுத்துப் பெயர் மாறுவதைக் காண்கிறோம். 1949இல் தொடங்கிய கல்லோயாத் திட்டத்தில் பட்டிப்பளை ஆற்றை மறித்து, காடு வெட்டி, நிலம் பகிர்ந்தனர்; அதற்குக் குடியேற்றம் என்று பெயர். அயலில் உத்தரவில்லாமல் காடு வெட்டிய சேனைக்காரன் அத்துமீறியவன். அங்கே குடியேற்றப்பட்ட சிங்கள விவசாயியும் நிலமற்ற ஏழையே. ஏழையை ஏழைக்கு எதிரே நிறுத்தியவர் இருவரிலும் ஒருவர் அல்லர். 1956இல் அவ்விடத்தே சிந்திய குருதிக்கு அதுவும் ஒரு காரணம்.

போர்க்காலத்தில் வாவியே எல்லையாயிற்று. படுவான்கரை புலிகளின் ஆளுகையிலும் எழுவான்கரை இராணுவத்தின் ஆளுகையிலும் இருந்த ஆண்டுகளில் உரம், மின்கலம், எரிபொருள், சீமெந்து ஆகியவை கரை கடந்து போவது தடைபட்டது. பயிருக்குப் பசளை கொண்டுபோன விவசாயி கடத்தல்காரன் எனப்பட்டான். 2002இன் தொடக்கத்தில் தடை நீங்கியது. அதே மூடை மறுபடியும் பசளையாயிற்று. அண்மைக் காலத்திலோ மயிலத்தமடு, மாதவனை மேய்ச்சல் தரையில் அத்துமீறிப் பயிரிடுவோரை அகற்றுமாறு கோரிப் பண்ணையாளர் 2023 செப்டம்பரில் சித்தாண்டியில் அறப்போர் தொடங்கினர். தம் மாடுகள் சுடப்பட்டும் சுருக்கில் அகப்பட்டும் மாண்டன என்பது அவர்கள் முறைப்பாடு. அவர்களுக்கு ஆதரவு காட்டிவிட்டுத் திரும்பிய மாணவர் சிலர் நவம்பரில் கைதாகினர். சட்டவிரோதமாக ஒன்றுகூடினார்கள் என்பது குற்றச்சாட்டு. இலங்கையின் நிலப்பரப்பில் ஐந்தில் நான்கு பங்குக்கு மேல் இன்றும் அரசின் உடைமை என்பதை இங்கே சேர்த்து எண்ணுதல் வேண்டும். 1840இன் நிழல் அத்துணை நீளமானது.

தண்டப்பணத்தைப் பற்றியும் ஒரு சொல். இந்நாட்டுச் சிறைகளுக்குத் தண்டனை பெற்றுச் செல்வோரில் பாதிக்கு மேற்பட்டோர் தண்டப்பணம் கட்ட இயலாமையால் செல்வோர் என்பதைச் சிறைச்சாலைத் திணைக்களத்தின் புள்ளிவிவரங்களே ஆண்டுதோறும் காட்டிவந்துள்ளன. நீதிபதி அவர்களைச் சிறைக்கு அனுப்ப விரும்பவில்லை. பணம் கட்டிவிட்டு வீட்டுக்குப் போ என்றார். அவர்களிடம் பணம் இல்லை. ஒரே தீர்ப்பு ஒருவனுக்குப் பற்றுச்சீட்டாகவும் இன்னொருவனுக்குக் கம்பிக் கதவாகவும் முடிகிறது.

எமது மாணவன் பத்தாம் நாள் வந்தான். தாயின் தோட்டை அடகு வைத்துத் தகப்பனை மீட்டதாகச் சொன்னான். தவணைப் பரீட்சை நெருங்கியிருந்தது. வரலாற்றுத் தாளில், '1840ஆம் ஆண்டின் முடிக்குரிய நிலச் சட்டத்தின் விளைவுகள் இரண்டு தருக' என்ற வினா இருந்தது. மொத்தம் நான்கு புள்ளி. விடைக் குறிப்பில் எழுதியிருந்தவை: பெருந்தோட்டத்துக்கு நிலம் கிடைத்தது, அரசாங்க வருமானம் பெருகியது. அவன் முதல் விடையாகக் கோப்பித் தோட்டத்தை எழுதியிருந்தான். இரண்டாவதாக, 'எங்கள் காட்டில் விறகு எடுக்கக் கூடாது என்று வந்தது' என எழுதி, பிறகு 'எங்கள்' என்னும் சொல்லைப் பேனாவால் வெட்டியிருந்தான். நாம் நெடுநேரம் அத்தாளை வைத்துக்கொண்டிருந்தோம். குறிப்பில் உள்ளபடி இரண்டு புள்ளியே இட்டோம். மறுநாள் திருத்தி நான்காக்கினோம். அந்த வெட்டைப் பற்றி அவனிடம் இன்னும் கேட்கவில்லை.